கார்டு வாங்காத சூடு

— கண்ணாடியில கையை வைக்காதே மதினி, சுடும்.

— சுடட்டும். அதுக்குத்தானே வச்சிருக்கேன்.

— வச்சிக்கோ. ஆனா உள்ள இருக்கிற பொரிச்ச கோழியை உன் கார்டு எடுத்துக்காது. தேய்ச்சுத் தேய்ச்சுப் பார்த்தாச்சு. இதுக்கு மேல தேய்ச்சா மெஷினே வாயைத் திறந்து என்னை வையும்.

— சாப்பாட்டுக் கார்டுன்னு சொல்லித்தானே அரசாங்கம் கொடுத்துச்சு? கோழி சாப்பாடு இல்லையாமா வசீலி?

— ஆறிப்போனா சாப்பாடு. சூடா இருந்தா ஓட்டல். நேத்து மீந்த துண்டு அந்தக் குளிர்பெட்டியில கிடக்கு பாரு, அதை எடு, கார்டு கண்ணை மூடிக்கிட்டு எடுத்துக்கும். அதே கோழி, அதே எண்ணெய், அதே வசீலி பொரிச்சது. கோழிக்கு ஜுரம் இருந்தா மட்டும் ஆகாது.

— அப்ப சுவத்துல தொங்குதே வலை, அது?

— எடுத்துக்கும். தூண்டில் முள், மீன் வெட்டுற கத்தி, எல்லாம் எடுத்துக்கும். நம்மளை மாதிரி ஆத்தோர ஊருக்குத் தனிச் சலுகை. படகுக்கு எண்ணெய் மட்டும் எடுத்துக்காது. வலையைத் தோள்ல போட்டுக்கிட்டு தண்ணி மேல நடந்து போகணும்போல.

— காபி?

— தூள் எடுத்துக்கும். போட்ட காபி எடுத்துக்காது. இன்னொண்ணு கேளு மதினி, நீ சிரிப்பே. ஐஸ்கட்டி எடுத்துக்கும்.

— ஐஸா?

— மூட்டை மூட்டையா வாங்கலாம். அலாஸ்காவுல ஐஸ் வாங்க அரசாங்கம் உதவி பண்ணுது!

— சில்லுன்னு எது கேட்டாலும் கொடுக்கும்.

— கொடுக்கும்.

— அவரு போனதே குளிர்லதான்.

— ஒரு துண்டு தானே மதினி, நான் காசு போட்டுடறேன். யாருக்குத் தெரியப் போகுது.

— சுயாக்குக்குத் தெரியும்.

— செத்துப்போன உன் வீட்டுக்காரனுக்கா?

— நீ காசு போட்டா நீ ஊட்டினதாப் போகும். சித்தப்பா மகன் ஊட்டினதா. பொண்டாட்டி ஊட்டினதா எப்படிப் போகும்?

— அது வாஸ்தவம். நானும் போன வாரம் மிட்டாய் கொடுத்தேனே. உன் வீட்டுக்காரன் ரோஸ் கலர் பூட்ஸ் போட்டுக்கிட்டு, வாயெல்லாம் செவப்பாக்கிக்கிட்டு, இந்தத் தரையில உருண்டு உருண்டு அழுதான், இன்னொண்ணு வேணும்னு.

— சிரிக்காதே.

— எப்படிச் சிரிக்காம இருக்கிறது? மூணு வயசுப் பொண்ணை நீ 'எங்க வீட்டுக்காரரு'ங்கிறே. அவ உன் மடியிலேயே ஒண்ணுக்குப் போறா. சுயாக் இருந்தப்பகூட அவ்வளவு உரிமை எடுத்துக்கிட்டதில்ல.

— அவரு ஆத்தோட போனதுக்கு அப்புறம் ஊர்ல பொறந்த முதல் பிள்ளை. அவரு பேரை வச்சோம். பேரு வந்தா ஆளும் வந்தாச்சு. அவ வாயில போட்டா அவரு வயித்துக்குப் போகும். இது என்ன நான் கண்டுபிடிச்சதா?

— எனக்குத் தெரியும் மதினி. மெஷினுக்குத்தான் தெரியல. வெளியில என்ன பார்க்கிறே?

— மூடுபனி. எது ஆறு, எது வானம்னு தெரியல. நடந்து வர்றப்ப என் காலே எனக்குத் தெரியல வசீலி. யாரோ என்னைத் தூக்கிக்கிட்டு வந்து உன் கடையில விட்ட மாதிரி இருந்துச்சு.

— சீக்கிரம் விலகிடணும். அலமாரியைப் பாரு, வெங்காயம் இல்ல, முட்டை இல்ல. விமானம் வந்தாத்தான் எனக்குப் பிழைப்பு.

— வரக் கூடாது. இன்னைக்கு மட்டும் வர வேண்டாம்.

— ஒரே மூடுபனிக்கிட்ட ரெண்டு பேரு ரெண்டு விதமா வேண்டினா அது என்னதான் பண்ணும், பாவம்.

— வந்தா பெத்தவ பெலாகியா பிள்ளையைத் தூக்கிக்கிட்டு ஏறிடுவா. ஆங்கரேஜ் பட்டணத்துல யாரு அவரை சுயாக்னு கூப்பிடப் போறா? யாரு பார்த்து ஊட்டப் போறா? ஏறுறதுக்குள்ள ஒரு வாய் சூடா கொடுத்து அனுப்பணும். அவ்வளவுதான் எனக்கு.

— உன் வீட்டு அடுப்புல வச்சுக் கொடுத்திருக்கலாமே இத்தனை நாளா.

— பெலாகியா வசந்தத்துலேர்ந்து பிள்ளையை என் வாசல் பக்கம் விடறதில்ல. உன் கடையில பார்த்தாத்தான் உண்டு. கடையில நான் என்ன கொடுக்க முடியும்? டப்பாப் பழம், தயிர், ஜூஸ். எல்லாம் சில்லுன்னு இருக்கும்.

— சூடு அவ்வளவு முக்கியமா?

— கனவுல வர்றாரு. இதே மாதிரி வெள்ளையா இருக்கும், நடுவுல நிப்பாரு. பேச மாட்டாரு. கையை நீட்டுவாரு, விரலெல்லாம் நீலம். நான் தட்டை நீட்டுவேன். வாங்க மாட்டாரு. குனிஞ்சு பார்த்தா தட்டுல எல்லாமே உறைஞ்சு கிடக்கும்.

— சரி மதினி, கேளு. ஆறின கோழியைக் கார்டுல வாங்கிக்கோ. வீட்டுக்குப் போய்ச் சூடு பண்ணிக் கொண்டு வா.

— வீடு ஊரோட அந்தக் கோடியில. விமானம் இறங்குறது உன் கடைக்குப் பின்னால. நான் போய் வர்றதுக்குள்ள சத்தம் கேட்டுட்டா? அதோ மூலையில சின்ன அடுப்பு வச்சிருக்கியே, பித்தானைத் தட்டினா சுத்துமே?

— அது மட்டும் கேட்காதே. கார்டுல வாங்கினதைக் கடைக்குள்ள சூடு பண்ணக் கூடாதுன்னு முதலாளி ஒட்டி வச்சிருக்கார். ஆத்துக்குக் கீழ ஒரு ஊர்க் கடையில இப்படித்தான் ஏதோ தகராறு, மெஷினையே பிடுங்கிக்கிட்டுப் போயிட்டாங்க. அப்புறம் ஊர்ல பாதிப்பேர் வீட்டுல மாவு கிடையாது.

— வேண்டாம். ஊர் வயித்துல நான் அடிக்க மாட்டேன். குளிர்பெட்டியிலேர்ந்து ஒரு கால் எடு.

— இந்தா. மெஷினும் வாங்கிக்கிச்சு, பாரு, பச்சை விளக்கு. எங்க மதினி வைக்கிறே அதை?

— சட்டைக்குள்ள.

— ஐயோ!

— வயித்தோட ஒட்டி வச்சிருக்கேன். ஸ்... உறையுது. நீ அந்தப் பக்கம் திரும்பு.

— திரும்பிட்டேன். முட்டையில உக்கார்ந்த வாத்து மாதிரி இருக்கே நீ.

— வாத்துக்குக் கார்டு கிடையாது. அது பாட்டுக்குச் சூடு கொடுக்குது.

— குஞ்சு பொரிஞ்சா எனக்கும் ஒண்ணு கொடு.

— வாயை மூடு வசீலி. பேசினா சூடு போயிடும்.

— நேரமாச்சு மதினி, தூங்கிட்டியா?

— இல்ல. அவரு போன அன்னைக்குக் காலையில, அவரு பக்கத்துல படுத்திருந்த இடம் எவ்வளவு நேரம் சூடா இருந்துச்சுன்னு நினைச்சுக்கிட்டிருந்தேன்.

— வசீலி மாமா! ரேடியோவுல ஏதாவது சொன்னாங்களா?

— வா பெலாகியா. கதவைச் சாத்து, பனி உள்ள வருது. விமானக்காரங்க பெத்தேல் டவுன்லேர்ந்து கிளம்பிட்டாங்களாம். மேல வட்டம் போட்டுப் பார்ப்பாங்க, மூடுபனியில ஓட்டை தெரிஞ்சா இறங்குவாங்க.

— வாங்க மாமியாரே.

— பெரியம்மா, கும்பிட்டுக் கேட்டுக்கிறேன், என்னை அப்படிக் கூப்பிடாதீங்க. எனக்கு இருபத்திமூணு வயசு.

— என் வீட்டுக்காரரைப் பெத்தவ எனக்கு மாமியார்தானே.

— ரோசி, பூட்ஸைக் கழட்டாதே. இதோ கிளம்பிடுவோம்.

— அவரு பேரு ரோசி இல்ல.

— அங்க ரோசிதான். வேலை கிடைச்சிருக்கு எனக்கு, ஆஸ்பத்திரி சலவையில. இவளைப் பிள்ளைங்க காப்பகத்துல விடணும். அங்க போய் என் மகளுக்குப் பொண்டாட்டி இருக்காங்கன்னு நான் யார்கிட்ட சொல்ல?

— வேலைக்குப் போ. நான் வேண்டாங்கல. என் வாசலுக்கு விடாம ஏன் நிறுத்தினே? அதை மட்டும் சொல்லு.

— சொன்னா தாங்குவீங்களா?

— ம்.

— தூக்கத்துல எந்திரிச்சு உக்காந்து 'குளிருது'ங்கிறா. எத்தனை போர்வை போத்தினாலும் 'குளிருது'. குளிப்பாட்டத் தொட்டியில இறக்கினா என் கழுத்தைக் கட்டிக்கிட்டுக் கத்துறா. ஏன் கத்த மாட்டா? ஊரே அவ தலைக்கு மேல நின்னுக்கிட்டு, சுயாக் எங்க முங்கினான், எப்படித் தேடினாங்கன்னு பேசுது. அவ இன்னும் ஆத்துல காலைக்கூட நனைச்சதில்ல பெரியம்மா. செத்தவரோட குளிரை எல்லாம் என் பிள்ளை ஏன் சுமக்கணும்?

— குளிருதுன்னா சொல்றாரு?

— சொல்றா. என் மக சொல்றா.

— எனக்குக் கனவுல...

— பார்த்தீங்களா? இதுதான். இதுக்குத்தான் நான் போறேன்.

— பெலாகியா, கொஞ்சம் பொறு. மதினி எவ்வளவு நேரமா இங்க...

— நீ சும்மா இரு வசீலி. ஏம்மா, ஒரு வாய் கொடுத்துக்கட்டுமா? அப்புறம் கேட்க மாட்டேன்.

— என்ன அது? சட்டைக்குள்ளேர்ந்தா எடுக்கிறீங்க?

— கோழி. சூடானதைக் கார்டு வாங்காதாம். அதான் நானே சூடு பண்ணினேன்.

— பெரியம்மா...

— தொட்டுப் பாரு. சூடா இருக்குல்ல? வசீலி, நீயும் தொட்டுச் சொல்லு.

— மதினி, நான் என்னத்தைச் சொல்ல.

— பெலாகியா, நீ சொல்லு. பொய் சொல்லாதே.

— சில்லுன்னுதான் இருக்கு பெரியம்மா. அழாதீங்க.

— அழலே. என் உடம்புல அவ்வளவுதான் சூடு போலருக்கு. கிழவி ஆயிட்டேன். நல்லவேளை, அவரு பார்க்கல.

— அம்மா, அது எனக்கா?

— ரோசி, இங்க வா. அது ஆறிப்போச்சு. உனக்கு பிஸ்கட் வாங்கித் தர்றேன்.

— எனக்கு அது வேணும்.

— சத்தம் கேட்குதா? விமானம்! மேலதான் சுத்துது. பெலாகியா, பையை எடு, இப்ப இறங்கிடும்.

— வர்றேன் மாமா. பெரியம்மா, சரி. ஒரு வாய். ஒரே ஒரு வாய் கொடுங்க. அதுக்கப்புறம் அவ என் மக மட்டும்தான். சம்மதமா?

— சம்மதம். வாங்க. இப்படி உக்காருங்க. வாயைத் திறங்க... ம். மெதுவா கடிங்க.

— ஸ்ஸ்ஸ்!

— என்னம்மா? என்ன ஆச்சு? எலும்பு குத்திடுச்சா?

— சுடுது!

— சுடுதா? எங்க காட்டு... இல்ல, இரு. இரு கண்ணு. குடு, அம்மா ஊதித் தர்றேன்.

— நீ வேணாம். அவ ஊதட்டும்.