உங்க இடதா, என் இடதா

...அந்தக் கார் பெல்ட் செஞ்சவனைத்தான் சார் சொல்லணும். வாயை இன்னும் கொஞ்சம்... ஆங், போதும். அவன் ஒழுங்கா செஞ்சிருந்தா எனக்கு ஏன் இந்தப் பாடு? நாலு நாளா அந்த ஷெட்டுல கார் வாயைப் பொளந்துக்கிட்டு நிக்குது. தலையைத் திருப்பாதீங்க, ஜன்னல் வழியா அப்புறம் காட்டறேன். ஊசி போட்டாச்சு. இனி மரத்துப்போற வரைக்கும் நமக்கு வேலை இல்ல. நான் பேசறேன், நீங்க கேளுங்க. உங்க வாயில பஞ்சு இருக்கு.

நீங்க லைப்ரரியில இருக்கறதா சொன்னீங்கல்ல, எதிர் வீட்டுக்குக் குடிவந்த அன்னிக்கு? நல்லதா போச்சு. சத்தம் போடாம இருக்கறது உங்களுக்குப் பழக்கம். சில பேர் இருக்காங்க, வாயில பஞ்சை வச்ச பிறகும் அரசியல் பேசுவாங்க.

என்ன கேட்டீங்க? ஆ... ஆமாமா, கார்தான். என் கார்னு சொன்னேனா? என் மனைவியோட கார். அதுவும் சரியில்ல, அவங்கப்பாவோட கார். மாமாவுக்கு இப்ப கண்ணு தெரியறதில்ல. ஊருக்கு அந்தக் கோடியில, வயசானவங்களைப் பாத்துக்கற இடத்துல இருக்கார். அவரே கேட்டுப் போனது, எங்களைத் தப்பா நினைக்காதீங்க. சனிக்கிழமை ஆனா காலையிலயே சட்டையைத் தேய்ச்சுப் போட்டுக்கிட்டு வாசல் கதவுக்கிட்ட வந்து நிப்பார். இவ போய் ஏத்திக்கிட்டு ஏரிப் பக்கம் ஒரு சுத்து சுத்திக் கொண்டுபோய் விடுவா. வாரம் பூரா அந்தச் சுத்துக்காகத்தான் அந்த மனுஷன் இருக்கார். பேசக்கூட மாட்டார் சார். எஞ்சின் சத்தத்தையே கேட்டுக்கிட்டு வருவார். "மூணாவது கியரை இவ்வளவு இழுக்காதேம்மா"ம்பார். அவ்வளவுதான் பேச்சு.

நாளைக்குச் சனிக்கிழமை.

வாடகைக் கார்ல கூட்டிட்டுப் போலாமேன்னு நேத்து சொன்னேன். அவ என்னைப் பாத்தா பாருங்க ஒரு பார்வை... நான் பேசாம இங்க வந்து எல்லா இடுக்கியையும் மறுபடி ஒரு தடவை கொதிக்க வச்சேன்.

இந்த நாலு நாளா எங்கிட்ட பேச்சு இல்ல. வாசல்ல உக்காந்து ஆள் அனுப்பறது அவதான், உங்களை உள்ளே அனுப்பும்போது கவனிச்சீங்களா? "அடுத்தது"ன்னா. ஒரே வார்த்தை. அதுவும் எனக்குச் சொன்னதில்ல, கதவுக்குச் சொன்னது. முந்தாநாள் ஒரு அம்மா, கடைவாய்ப் பல்லு ஆடுதுன்னு வந்தவங்க, நாற்காலியில உக்காந்ததும் என்ன சொன்னாங்க தெரியுமா? "டாக்டர், சாப்பாடு மேசையில மூடி வச்சிருக்காம். ஆறினா நீங்களே சூடு பண்ணிக்கணுமாம்." என் வீட்டுச் சமாசாரம் எனக்கு நோயாளி மூலமா வருது.

அசையாதீங்க சார். இந்தப் பக்கம் லேசா தட்டிப் பாக்கறேன்... தெரியுதா? தெரியுது. அப்ப இன்னும் கொஞ்சம் ஆகணும். இடது பக்கம், கீழ, கடைசிக்கு முந்தினது. வாசல்லயே சொன்னீங்கல்ல? ஆ-ங்கறீங்க. சரிதான்.

எல்லாம் இந்த "பல்லு"ங்கற வார்த்தையால வந்தது. பெல்ட்டுல கீறல் விழுந்திருக்கு, மாத்தணும்னு தெரு முனை ஒர்க்‌ஷாப் அக்கா சொல்லிச்சு. குடுத்திருக்கலாம். இவளும் குடுங்கன்னுதான் சொன்னா. நான் சும்மா இருக்காம அது என்ன பெல்ட்டுன்னு கேட்டேன். "உள்பக்கம் பூரா பல்லு இருக்கும் டாக்டர், ஒரு பல்லு தள்ளி மாட்டினாலும் எஞ்சின் ஓடாது"ன்னுச்சு. அது சாதாரணமாத்தான் சொல்லிச்சு. எனக்கு ஏதோ என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்ட மாதிரி இருந்தது. பல்லா? பல்லுன்னா நம்ம துறைதானே?

நானே மாட்டிடறேன்னு மாமாவுக்குப் போன்ல சொன்னேன். அவர், "மாப்ளே, என் வாயிலயே உங்களை இதுவரைக்கும் கை வைக்க விட்டதில்ல"ன்னார். நான் சிரிச்சேன். அவர் சிரிக்கலை.

விஷயம் ரொம்பச் சுலபம் சார். நம்ம காரை நேர் எதிர்ல நின்னு, மூடியைத் தூக்கி, ரேடியேட்டரைக் கழட்டிட்டுப் பாத்தா எஞ்சினோட மூஞ்சி தெரியும். மேல பக்கத்துப் பக்கத்துல ரெண்டு சக்கரம். கீழ ஒரு சக்கரம். மூணையும் சுத்தி இந்த பெல்ட். சக்கரத்துல எல்லாம் கோடு வெட்டியிருக்கும். கோடு அதது இடத்துல வந்து நின்ன பிறகு பெல்ட்டை மாட்டணும். அவ்வளவே. மேல இருக்கற ரெண்டு சக்கரமும் ஒரே அச்சுல வாத்தது. அதனால ஒவ்வொண்ணுலயும் ரெண்டு கோடு, ஒண்ணு எல், ஒண்ணு ஆர். இடது சக்கரத்துக்கு எல் கோட்டைப் பாக்கணும், வலது சக்கரத்துக்கு ஆர். புத்தகத்துல படம் இல்ல, இருந்த பக்கத்துல மாமா எப்பவோ எண்ணெயைக் கொட்டிட்டார், எழுத்து மட்டும் இருக்கு. ஆனா எழுத்து தெளிவாத்தானே இருக்கு? இடதுன்னா இடது.

கீழச் சக்கரத்துக் கோடு கண்ணுக்கே தெரியாது சார், அவ்வளவு உள்ளடங்கி இருக்கும். ஒர்க்‌ஷாப்காரங்க எல்லாம் படுத்துப் பொரண்டு பாப்பாங்க. நான் என்ன செஞ்சேன்? வாய்க்குள்ள விட்டுப் பாக்கற கண்ணாடி இருக்கே, அதை விட்டுப் பாத்தேன். பளிச்சுனு தெரிஞ்சது. அந்த நிமிஷம் எனக்கு இருந்த திமிரை நீங்க பாத்திருக்கணும். தொழிலையே மாத்திக்கலாமான்னு யோசிச்சேன்.

பயப்படாதீங்க, அந்தக் கண்ணாடி வேற, இது வேற. நகத்துல கறுப்பா இருக்கே, அது கிரீஸ். கிளவுஸ் போட்டிருக்கேன்ல.

மாட்டி முடிச்சுட்டு, ஸ்டார்ட் பண்றதுக்கு முன்னாடி கையால ஸ்பேனர் போட்டு சுத்திப் பாக்கணும்னு புத்தகத்துல இருக்கு. சுத்தினேன். பாதி சுத்துல "டொக்"குனு ஒரு முட்டு. அதுக்கு மேல நகரலை. அப்படியே விட்டுட்டேன். அந்த ஒரு புத்தி மட்டும் எனக்கு இருந்தது, சாவியைப் போட்டிருந்தா உள்ளே எல்லாம் நொறுங்கியிருக்கும். மறுநாள் கழட்டினேன், மறுபடி மாட்டினேன். டொக். அடுத்த நாளும் டொக். நேத்தும் அவ சமையலறை ஜன்னல்ல நின்னு பாத்துக்கிட்டிருந்தா. டொக்குன்னதும் ஜன்னலைச் சாத்திட்டா.

அப்ப யார் மேல தப்பு? கோடு சரியா இருக்கு. நான் சரியா இருக்கேன். பெல்ட்டுல ஒரு பல்லு கூடவோ குறைச்சலோ இருக்கணும். எண்ணிப் பாத்தேன். புத்தகத்துல சொன்னபடிதான் இருக்கு. அப்ப புத்தகம் தப்பு. இல்லன்னா மாமா ஏதோ காலத்துல சக்கரத்தையே மாத்திப் போட்டிருக்கார். இப்படியே போனா காரைக் கண்டுபிடிச்சவன் வரைக்கும் எனக்கு விரோதி ஆயிடுவான்.

அந்த அக்கா வேற காலையில வாசல்ல போகும்போது ஒரு குரல் குடுத்துட்டுப் போவுது, "என்ன டாக்டர், பல்லு முளைச்சிடுச்சா?"ன்னு. தெருவே சிரிக்குது. நீங்ககூட சிரிச்சிருப்பீங்க, பரவாயில்ல.

சரி, பாப்போம். இங்க தட்டினா? தெரியலை. இங்க? தெரியலை. நல்லா மரத்துடுச்சு. அந்த இடுக்கியை எடுத்துக்கறேன், பாக்காதீங்க, பாத்தா பெரிசாத் தெரியும். வாயை...

ஏன் சார் கையைப் பிடிக்கறீங்க?

வலிக்காது. நான் சொல்றேன்ல. பத்து மாசக் குழந்தை மாதிரி... என்ன, அந்தப் பக்கம் எதுக்குக் காட்டறீங்க? அதை இன்னொரு நாள் பாப்போம். இன்னிக்கு இடது. நீங்கதானே சொன்னீங்க, இடது கீழன்னு. இதோ, இடது. இது என்... இது என் இடது...

இருங்க.

பஞ்சை எடுத்துடறேன். துப்புங்க. கொஞ்ச நேரம் ஒண்ணும் சொல்லாதீங்க சார், தயவு பண்ணி. நான் உக்காந்துக்கறேன்.

இது உங்க வலது.

இத்தனை வருஷத்துல, சார்... எதிர்ல வாய் திறந்தா அதோட இடது எனக்கு வலதுங்கறது என் கைக்கே தெரியும், நான் யோசிக்கவே வேண்டாம். தூக்கத்துல எழுப்பினாலும் கை சரியான பக்கம் போகும். இன்னிக்கு எப்படி... நல்லவேளை, ஊசியோட நின்னது. பல்லுக்கு ஒண்ணும் ஆகலை, சத்தியமா. கன்னம் மட்டும் ரெண்டு மணி நேரத்துக்கு உங்களோடது இல்லாத மாதிரி இருக்கும். என்னை மன்னிச்சுக்கங்க. திட்டுங்க, நல்லாத் திட்டுங்க. வாய் கோணலா இருக்கறதால என்ன திட்டறீங்கன்னு புரியலை, ஆனா நியாயமாத்தான் இருக்கும்.

நாலு நாளா கண்ணுக்குள்ள அந்த ரெண்டு சக்கரம்தான். எதிர்ல நின்னு, மூடியைத் தூக்கி, எஞ்சினோட வாய்க்குள்ள... எஞ்சினோட...

அடக் கடவுளே.

எஞ்சினோட இடதுன்னு எடுத்துக்கிட்டேன் சார். அதாவது என் வலது. வாயைத் திறந்து வச்சுக்கிட்டு எதிர்ல நின்னுச்சா, என் கை அதுபாட்டுக்கு மாத்திக்கிச்சு. இடது சக்கரத்துல ஆர், வலது சக்கரத்துல எல். மூணு நாளும் அதே கை, அதே பழக்கம். புத்தகம் எழுதினவர் பாவம், எதிர்ல நின்னு பாக்கறவனோட இடதை எழுதியிருக்கார். இதை ஒரு பல் டாக்டர் படிப்பான்னு அவர் கண்டாரா? எஞ்சின்ல பண்ண வேண்டியதை உங்க வாயில பண்ணியிருக்கேன், உங்க வாயில பண்ண வேண்டியதை எஞ்சின்ல பண்ணியிருக்கேன். நீங்க கையைப் பிடிச்சீங்களே, அந்தக் கையை எடுத்துக் கண்ணுல ஒத்திக்கலாம் சார்.

இல்ல, இப்பவே அந்தப் பக்கமும் ஊசி போட முடியாது. ரெண்டு பக்கமும் மரத்துட்டா நாக்கைக் கடிச்சுக்குவீங்க. இது தெளியணும். ரெண்டு மணி நேரம் சும்மா இருக்கறதுக்கு... இந்த டார்ச்சைப் பிடிங்க. எழுந்திருங்க சார், ஷெட்டுக்குப் போலாம். மார்ல கட்டின துணி இருக்கட்டும், கிரீஸ் படாது.

...

கொஞ்சம் கீழ. கீழ சார். என் மூஞ்சிக்கு வேண்டாம், என் மூஞ்சி எனக்குத் தெரியும். ஆங்... அதுவும் இல்ல, அது பேட்டரி. லைப்ரரியில எல்லாம் எப்படித்தான் புத்தகம் தேடி எடுக்கறீங்களோ. சரி, சும்மா பிடிங்க, நான் தடவியே பாத்துக்கறேன். பெல்ட்டை இழுத்துப் பிடிக்கற இதைத் தளர்த்தினா... வந்துடுச்சு. இப்ப என் இடது. என் சொந்த இடது, சோறு சாப்பிடாத கை. எல் கோடு, மேல வா. வா. நில்லு. இந்தப் பக்கம் ஆர்...

...

இப்பத்தான் சார் லைட் பிடிக்கக் கத்துக்கிட்டீங்க. நான் எங்க பாக்கறேனோ அங்க வந்து நிக்குது. அப்படியே வச்சிருங்க. பேசாமலும் இருக்கீங்க, வசவு எல்லாம் தீந்துடுச்சு போல.

பெல்ட் உக்காந்துடுச்சு. இனி சுத்தணும். பயமா இருக்கு சார், சிரிக்காதீங்க. உங்ககிட்ட சொல்றதுக்கென்ன, ஒர்க்‌ஷாப்ல குடுங்கன்னு அவ சொன்னப்பவே குடுத்திருக்கணும். எனக்கும் அது முதல் டொக்குலயே தெரியும். ரெண்டாவது நாள் கழட்டினது கார் ஓடணும்னு இல்ல, அவ ஜன்னல்ல நின்னு பாக்கறா, நான் தோத்த மாதிரி ஆயிடக் கூடாதுன்னு. மாமா அங்க சட்டையைத் தேய்ச்சுப் போட்டுக்கிட்டு நிக்கறதை நினைச்சிருந்தா... இதை அவகிட்ட சொல்லிடாதீங்க. நானே நேரம் பாத்துச் சொல்லிக்கறேன். நேரம் வந்தா.

சுத்தறேன். பாதி... இங்கதான் முட்டும்.

முட்டலை.

இன்னும் ஒரு சுத்து... வழவழன்னு போகுது சார். மூணு கோடும் திரும்பி அதே இடத்துல வந்து நிக்குது பாருங்க, இங்க லைட்டை... ஆங்.

சார், உங்க செருப்பு... இது நம்ம வீட்டுச் செருப்பாச்சே.

எப்பலேர்ந்து நிக்கறே?

எவ்வளவு கேட்டே?

...தலையை ஆட்டறே. எல்லாமா.

அவர் எங்க? என்ன சைகை அது, கன்னத்தைப் பிடிச்சுக்கிட்டுப் போயிட்டாரா? மார்த் துணியோடவா? ஒர்க்‌ஷாப் அக்காகிட்ட வேற பல் டாக்டர் யாராவது இருக்காங்களான்னு கேட்டுக்கிட்டிருப்பார். நியாயம்தான். நானா இருந்தாலும் ஓடியிருப்பேன். சாயங்காலம் போய் மன்னிப்புக் கேட்டுட்டு, சரியான பல்லை... சரி, அதை அவர் முடிவு பண்ணட்டும்.

என்ன? நாலு நாள் கழிச்சு வாயைத் திறந்து முதல் வார்த்தை இதுவா? இடது சக்கரத்துல பெல்ட்டோட ஓரம் ஏறி நிக்குதா? எங்க, எனக்குத் தெரியலையே. நான் பாத்து உக்கார வச்சேனே. எந்த இடது? உன் இடதா, என் இடதா? நீ அந்தப் பக்கம் நிக்கறே, நான் இந்தப் பக்கம்... வேண்டாம், சொல்லாதே. இடது வலதுன்னு எதையும் எங்கிட்ட சொல்லாதே. கையை வச்சுக் காட்டு.

ஆங். இங்கயா? ஆமா, ஏறித்தான் இருக்கு.

கையை எடுத்துடாதே. அங்கயே வச்சிரு.