யானைக்குப் பயந்து என் அறையில் வைத்த அரிசி

ரேஷன் கடை உரிமம் இடைநீக்கம் தொடர்பான மறுவிசாரணையில், கெந்துடோலி கிராமத்தில், கடை வாசலில் வைத்துப் பதிவு செய்யப்பட்ட வாக்குமூலம்.

என் பெயர் கோவர்தன் சாஹு, தகப்பனார் பெயர் ஜகு சாஹு, காலஞ்சென்றவர். வயது ஐம்பத்து மூன்று. ஜார்க்கண்ட் மாநிலம் கெந்துடோலியில் குடியிருக்கிறேன். சைக்கிளில் உப்பும் கருவாடும் கட்டிச் சந்தை சந்தையாக விற்று முன்னுக்கு வந்தவன். அதன் பிறகு அரசு உரிமம் பெற்று ரேஷன் கடை நடத்தி வருகிறேன். பக்கத்திலேயே சொந்த மளிகைக் கடையும் உண்டு. ஊரில் என்னை சாவ்ஜி என்று கூப்பிடுவார்கள்.

எங்கள் ஊர் காட்டோரம். நெல் முற்றும் காலத்தில் யானைகள் இறங்கும். அரிசி வாசனை பிடித்தால் மண் சுவரைத் தள்ளிவிட்டுத் துதிக்கையை உள்ளே விடும். சுக்ரோ திர்கி என்பவரின் வீடு அப்படித்தான் விழுந்தது. ஊரில் கான்கிரீட் அறை என்னுடையது ஒன்றுதான். ஆகவே கார்டுதாரர்கள் மெஷினில் விரல் வைத்து, எடை போட்டு வாங்கிய பிறகு, வேண்டியதை மட்டும் வீட்டுக்குக் கொண்டுபோய், மிச்சத்தை அவரவர் மூட்டையாகக் கட்டி என் அறையில் வைப்பது வழக்கம். வாடகை வாங்குவதில்லை. தர்மத்துக்குச் செய்தேன் என்றும் சொல்லவில்லை. அரிசி எடுக்க வருகிறவர்கள் எண்ணெயும் சோப்பும் என்னிடம் வாங்குவார்கள், அது போதும்.

கடந்த நவம்பரில் வழங்கல் ஆய்வாளர் சோதனைக்கு வந்து, கொடுத்ததாகக் கணக்கில் இருக்கும் அரிசி அறைக்குள் இருக்கிறதே என்று கேட்டார். யானை விஷயத்தைச் சொன்னேன். "யானை பேரைச் சொல்லி நீ மேயுறியா?" என்றார். அதன் பிறகு அறைக்குச் சீல் வைத்தார். விளக்கம் கேட்டு நோட்டீஸ் வரவில்லை. அரிசியைப் பதுக்கியதாக எழுதி, உரிமத்தை நிறுத்திய உத்தரவுதான் வந்தது. கார்டுகளை ஆற்றுக்கு அந்தப் பக்கத்துக் கடைக்கு மாற்றினார்கள்.

அதன் பிறகு வக்கீல் வைத்து உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டேன். ஒருவன் தரப்பைக் கேட்காமலே தண்டித்தது தவறு என்று சொல்லி, உத்தரவை ரத்து செய்து, என்னையும் கார்டுதாரர்களையும் விசாரித்துப் புதிதாக முடிவெடுக்கும்படி நீதிமன்றம் திருப்பி அனுப்பியது. அதுவரை சீல் அப்படியே இருக்க வேண்டும் என்றும் சொன்னது.

அதன்படி இன்று கோட்டாட்சியர் அம்மா அந்த ஆய்வாளரையும் கூட்டிக்கொண்டு நேரில் வந்தார். என்னை வாய் திறக்கக் கூடாது என்று சொல்லி மரத்தடியில் உட்கார வைத்தார். அதன் பிறகு சீலை உடைக்கும் முன்பே, ஒவ்வொருவரையும் தனியாகக் கூப்பிட்டு மூட்டையின் அடையாளம் கேட்டார். சுக்ரோ திர்கி, "வாயில பச்சைப் புடவைக் கரை கட்டியிருக்கும்மா. அந்தப் புடவைல மிஞ்சினதே அவ்வளவுதான், பாக்கிய யானை மிதிச்சிருச்சு" என்றார். ஆய்வாளர், "சாவ்ஜி சொல்லிக் குடுத்தாரா?" என்றார். "அட நீங்க வேற சார், அந்தாளு சோப்பு விலையவே சரியாச் சொல்ல மாட்டாரு" என்றார் சுக்ரோ. எல்லோரும் சிரித்தார்கள். இதையும் எழுதிக்கொள்ளலாம், எனக்கு ஆட்சேபணை இல்லை.

அதன் பிறகு கதவைத் திறந்தார்கள். அவரவர் சொன்ன அடையாளப்படியே மூட்டையைத் தூக்கி வந்தார்கள். சிலதில் வண்டு விழுந்திருந்தது. வேறு மூட்டை கொடு என்று யாரும் கேட்கவில்லை. கடைசியில் மூலையில் ஒன்று மிஞ்சியது. "ஆளில்லாத மூட்டை, இதுதாம்மா பதுக்கல்" என்றார் ஆய்வாளர். கோட்டாட்சியர் வாசலில் நின்றவர்களைப் பார்த்து, "யாரோடது? சொல்லிட்டு எடுத்துக்கங்க" என்று திரும்பத் திரும்பக் கேட்டார். குளிர்காலம் முழுக்க அரிசிக்கு ஆறு தாண்டி அலைந்தவர்கள் அவர்கள். ஒருவரும் கை நீட்டவில்லை. அதன் பிறகு சுக்ரோ, "அது புத்னி லக்ராவோடதும்மா. பிரசவத்துக்கு ஆஸ்பத்திரில கிடக்கா. அவ பொருளை நாங்க எப்படித் தொடறது?" என்றார். கோட்டாட்சியர் புத்னிக்கு போன் போட்டு, எல்லோரும் கேட்கும்படி வைத்தார். "செவப்பு ரிப்பன் கட்டியிருக்கும்மா. அரிசி நல்லா இருக்கா?" என்று புத்னி கேட்டார். ரிப்பன் சிவப்புதான்.

அந்த மூட்டையைப் பஞ்சாயத்து அலுவலகத்தில் வைக்கலாமா என்று யோசித்தார்கள். அது ஓடு வேய்ந்த மண் சுவர்க் கட்டிடம், யானை தள்ளினால் நிற்காது. அதன் பிறகு கோட்டாட்சியர் என்னைக் கூப்பிட்டு, "அவங்க வர்ற வரைக்கும் உங்க ரூம்லயே இருக்கட்டும், பத்திரம்" என்று சொல்லி, சாவியை என் கையில் கொடுத்தார். உத்தரவு பிறகு வரும் என்றார்.

அடுத்த மாத அரிசி லாரி கிளம்பும் முன்பே உத்தரவு தரும்படி கேட்டுக்கொள்கிறேன். தராசைத் துடைத்து வைத்திருக்கிறேன்.

நான் சொன்னபடியே எழுதப்பட்டிருக்கிறது. வாசிக்கக் கேட்டேன், சரியாக இருக்கிறது. யார் தூண்டுதலும் இல்லாமல் நானாகச் சொன்னவை, அனைத்தும் உண்மை.

(ஒப்பம்)
கோவர்தன் சாஹு