குவாங் வீட்டு இறுதி ஊர்வலமும் மூன்று நிமிடப் படமும்

நான் எப்போது முடிப்பேன் என்று கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருக்கும் தலைவி வினிஃபிரெட் குவாங் அக்கா அவர்களே! ஆஸ்திரேலியாவின் இந்தப் பெண்டிகோ ஊர்ச் சீனர் சங்கத்தின் பெரியோர்களே! சமையலறையிலிருந்து ஈரக்கையோடு ஓடிவந்திருக்கும் தாய்மார்களே! பன்றி வறுவலின் மணத்தையும் என் பேச்சையும் ஒருசேரத் தாங்கும் இளைஞர்களே! இறைச்சிக்கடை ஹாரி லம்மின் வணக்கம்!

நூறாண்டுக்கு முன் குவாங் டாக் இறந்தார். பொன் தேடி வந்து, பூமியைக் கொத்தி, இந்த ஊருக்கே கீரை கொடுத்த கோமான்! அவர் பெட்டிக்குப் பின்னே மூத்த மகன் மட்டுமே நடந்தான். இளையவன் எங்கே? அண்ணன் தம்பிக்குள் பிறகு பேச்சே இல்லை. விவரம் தெரிந்தவர்கள் வாய் திறக்காமலே போய்ச்சேர்ந்தார்கள். தகப்பனை வழியனுப்பாதவன் என்ற பழி மட்டும் சாகவில்லை! அதனால்தான் இளையவரின் பேரனான நம் டெஸ்மண்டால் இன்றுவரை அந்தக் கல்லறையில் ஊதுவத்தி ஏற்ற முடியவில்லை.

போன மாதம் பழைய கொட்டகையில் ஒரு படச்சுருள் கிடைத்தது. மூடியில், 'சீனாவிலுள்ள உறவுகள் காண' என்ற எழுத்து. செவ்வாய்க்கிழமை நிர்வாகக் குழுவுக்குப் போட்டுக் காட்டினேன். பின்பக்கம் முன்னாக மாட்டிவிட்டேன், படம் பின்னோக்கி ஓடியது! பெட்டி குழியிலிருந்து எழுந்து வீடு திரும்பியது! பேய்களைத் தடுக்க வீசிய ஓட்டைக் காகிதங்களெல்லாம் கைக்கே தாவின!

"அடப்பாவி ஹாரி, செத்தவரையே எழுப்பிட்டியே!" என்று குழுவே கத்தியது.

சிரியுங்கள், சிரியுங்கள். சரியாக மாட்டியதும், மூத்தவரின் பேத்தியான நம் அக்கா என்ன சொன்னார்?

"பாத்தியா டெஸ்மண்ட்? ஒரே ஒரு புள்ளதான் நடக்குது. உங்க தாத்தா எங்க? பூதக்கண்ணாடி வெச்சுத் தேடுவமா?"

டெஸ்மண்ட் தலையைக் குனிந்துகொண்டான்.

கடைசிக் காட்சி. துக்கத்தின் கசப்புப் போகட்டும் என்று விதவைத் தாய் எல்லோருக்கும் மிட்டாய் கொடுக்கிறாள். கொடுத்துக்கொண்டே நேராகக் கேமராவை நோக்கி வருகிறாள். கேமராவுக்குப் பின்னாலிருந்து ஓர் இடக்கை நீள்கிறது. படம் ஆடுகிறது, ஆனால் நிற்கவில்லை, வலக்கை அந்தக் காலக் கேமராவின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருக்கிறது! அந்த இடக்கையில் என்ன சட்டை? சணல் சட்டை! துக்கத்தில் பெற்ற பிள்ளை மட்டுமே உடுத்தும் சணல் சட்டை! தாயின் கை கேமராவுக்கு மேலே போகிறது. அவன் கண்ணைத் துடைத்திருப்பாள், ஐயா!

பின்னால் நடந்தால்தான் மகனா? அழுதுகொண்டே கைப்பிடி சுற்றிப் படமெடுத்தவன் மகனில்லையா? கடல் கடந்த உறவுக்குக் காட்ட நினைத்தவன் மகனில்லையா?

அக்கா அன்று எழுந்து போனார். ஞாயிற்றுக்கிழமை கல்லறை வழிபாடு. சபையறியக் கேட்கிறேன், டெஸ்மண்ட் வரலாமா?

என்னக்கா? மைக்கில் சொல்லுங்கள்!

"எட்டு மணிக்கு வந்துடச் சொல்லு. முதல் ஊதுவத்தி அவன்தான் ஏத்தணும். நான் அவன் பின்னாடி நிக்கிறேன்."

கைதட்டுங்கள் ஐயா, கூரை அதிரட்டும்! பொறுத்துக் கேட்ட அனைவருக்கும் நன்றி. குவாங் குடும்பம் முழுமைக்கும் என் வணக்கம்!