அப்பாலிக் தீவில் கப்பல் ஹாரனின் குழாயை அறுத்தது

எனது பெயர் பிபாலுக் க்ரிம். வயது 49. தகப்பனார் பெயர் மாலிகி. கிரீன்லாந்து, உபர்நாவிக் ஊரில் பி-214 எண் வீட்டில் குடியிருக்கிறேன். கடல்நாய் வேட்டையும் மீன்பிடிப்பும் தொழில். கோடையில் சுற்றுலாக் கப்பல்களில் வழிகாட்டியாகப் போவேன்.

கடந்த ஜூலை 14-ஆம் தேதி காலை சுமார் எட்டு மணிக்கு, எங்கள் கப்பல் ஆளில்லாத அப்பாலிக் தீவை அடைந்தது. அங்கே கடற்பறவைகள் கூடு கட்டாமல், செங்குத்துப் பாறையின் வெறும் விளிம்பில் ஜோடிக்கு ஒரு முட்டை இட்டு அடைகாக்கும். நான் நான்கு பயணிகளை ரப்பர் படகில் பாறையடிக்கு அழைத்துப் போயிருந்தேன். அப்போது கேப்டன் ஹோல்கர், பறவைகள் பறப்பதைக் கப்பலில் இருப்பவர்கள் படமெடுக்க வேண்டும் என்று ஹாரன் அடித்தார். பறவைகள் மொத்தமாக எழும்பின. அதன் பிறகு முட்டைகள் விழுந்தன. கப்பலில் கை தட்டினார்கள். என் தோளில் விழுந்து உடைந்த முட்டைக்குள் குஞ்சுக்கு அலகு வந்திருந்தது.

அதன் பிறகு கப்பலுக்குத் திரும்பி, தோளைத் துடைக்காமல் கேப்டனிடம் போனேன்.

"அதான் எல்லாம் திரும்பி வந்து உக்காந்துடுச்சே, பாருங்க" என்றார்.

"உக்காந்துடுச்சு. எது மேல?" என்று கேட்டேன்.

அவர் மைக்கைக் கையில் எடுத்தார். பாதிப் பேர் காலை உணவில் இருந்ததால், அவர்களுக்காகப் பத்து மணிக்கு இன்னொரு முறை ஹாரன் அடிக்கப்படும் என்று ஒலிபெருக்கியில் அறிவித்தார்.

அதன் பிறகு நான் மேல்தளத்துக்கு ஏறி, மீன் அறுக்கும் எனது கத்தியால் ஹாரனுக்குக் காற்றுப் போகும் குழாயை இரண்டு இடத்தில் அறுத்தேன். ஒரு இடத்தில் அறுத்தால் ஒட்டிவிடுவார்கள். பிறகு நேராகக் கேப்டனிடம் போய், கைப்பிடி அவர் பக்கம் இருக்கும்படி கத்தியை மேஜையில் வைத்து, அறுத்தது நான்தான் என்று சொன்னேன். கத்தியைக் காட்டி மிரட்டியதாக அவர் கூறுவது பொய்.

மதியம் திரும்பும் வழியில் மூடுபனி இறங்கியது. மூடுபனியில் ஹாரன் இல்லாத கப்பலுக்கு ஆபத்து என்பது எனக்குத் தெரியும். அறுக்கும்போதும் தெரியும். ஆகவே முன்தளத்தில் நின்று, அங்கிருந்த மணியைக் கையால் விடாமல் அடித்தேன். ஐந்து மணி நேரம் அடித்தேன். கப்பலில் சமையல் வேலை பார்க்கும் எங்கள் ஊர் ஈனோக் காபி கொண்டுவந்தான்.

"சர்ச் பக்கமே தலைவச்சுப் படுக்காதவ நீ, இன்னைக்கு மணியடிச்சே சாகப்போறியாக்கா? இப்படிக் குடு, நான் அடிக்கிறேன்."

"அறுத்தவ நான். நீ போய் உன் சூப்பைக் கிண்டு" என்றேன்.

விரல்கள் மரத்துப் போயின. கயிற்றை விடவில்லை. கப்பல் துறைமுகம் சேர்ந்தது. யாருக்கும் காயம் இல்லை.

இனி எந்தக் கப்பலும் என்னை வேலைக்குக் கூப்பிடாது என்று கேப்டன் சொன்னார். கூப்பிட வேண்டாம்.

இந்த வாக்குமூலத்தை எழுதிய போலீஸ் அதிகாரி என் மொழியில் எனக்குப் படித்துக் காட்டினார். குழாயைக் 'கோபத்தில் நிதானமிழந்து' அறுத்ததாக எழுதியிருந்தார். அப்படி இருந்தால் தண்டனை குறையும் என்றார். அதை அடித்துவிட்டுத் 'தெரிந்தே' என்று எழுதச் சொன்னேன். எழுதினார். இப்போது இதில் இருப்பது முழுக்க நடந்தது, நான் சொன்னது. அதனால் கையெழுத்துப் போடுகிறேன்.

(ஒப்பம்)
பிபாலுக் க்ரிம்