நாற்பத்தொன்றாம் உசிலை

கால் தேயக் காடு கண்டவரே, காதில் பென்சிலோடு வகுப்புக்கு வந்தவரே, முப்பத்து நான்கு ஆண்டுகள் எங்களுக்குச் சூழலியல் சொன்ன பேராசிரியர் ராயப்பராஜ் ஐயா அவர்களே, வணக்கம்!

பணி நிறைவுப் பாராட்டு மடலில் பிழை பேசுவது வழக்கமில்லை. ஆனால் இதை எழுதும் பொறுப்பு மரபணு ஆய்வகத்தின் பேகம்பூர் ரஃபியாவிடம் வந்தது. அவர் தம் பிழையைத்தான் முதலில் எழுதினார். அடித்துவிடச் சொல்லியும் கேட்கவில்லை.

ஐந்து ஆண்டுகளுக்கு முன், மழை பொய்த்த கோடையில், எரியோடு தொடங்கிக் குஜிலியம்பாறை வரை அறுபது உசிலை மரங்களின் இலைகளைச் செய்தித்தாள்களில் மடித்துக் கொண்டுவந்தீர்கள். மரம் நின்ற இடம், மண், அருகிலிருந்த புற்று, கூடு கட்டிய பறவை என அனைத்தையும் தாளின் ஓரத்தில் எழுதியிருந்தீர்கள். ரஃபியா இலைகளைக் குழாய்களில் இட்டு எண் ஒட்டினார். தூசு ஆய்வகத்துக்கு ஆகாது என்று தாள்களை எரிக்கக் கொடுத்துவிட்டார். மரபணு கையிலிருக்க இந்தக் குப்பை எதற்கு என்று அன்று நினைத்ததை எண்ணி இன்றும் கூசிப்போகிறார்.

முடிவுகள் வந்தபோது நாற்பத்தொன்றாம் குழாய் மட்டும் தனித்து நின்றது. வறட்சியை மற்றவற்றைவிட நன்றாகத் தாங்கும் மரமாக இருக்கலாம். விதை எடுக்க வேண்டும். எந்த மரத்தில் எடுப்பது? ரஃபியா அழுதுகொண்டே வந்து, தாள்களை எரிக்கக் கொடுத்ததைச் சொன்னார். நீங்கள் திட்டியிருந்தால்கூட அவருக்கு ஆறியிருக்கும்.

"மரபணு சீக்வென்ஸ் பத்திரமா இருக்கும்மா. மரம் எங்க நின்னுச்சுன்னு அதுக்குத் தெரியாதே" என்று மட்டும் சொன்னீர்கள்.

அதன்பின் சனிக்கிழமைதோறும் இருவரும் பேருந்தேறினீர்கள். நினைவைத் துழாவி நாற்பத்தொன்பது மரங்களை மீண்டும் கண்டுபிடித்தீர்கள். எதுவும் நாற்பத்தொன்றாம் குழாயோடு ஒத்துப்போகவில்லை. மற்ற பதினொன்றும் நின்ற இடத்தில் இப்போது அகலமான சாலை ஓடுகிறது. உங்கள் துறையும் எங்கள் துறையும் ஒரே மாடியில் இருந்தும், பத்தடி நடந்துவந்து அந்தத் தாளில் என்ன இருக்கிறது என்று நாங்கள் ஒருவரும் கேட்கவில்லை. அந்த வருத்தம் எங்கள் எல்லோருக்கும் உண்டு.

அந்த மரத்தின் விதை விழுந்து எங்கேனும் ஒரு கன்று முளைத்திருக்கலாம். அது அந்த மரத்தின் வாரிசுதானா என்று ரஃபியாவின் குழாய் சொல்லிவிடும். எங்கே தேடுவது என்று உங்களுக்குத்தான் தெரியும். வரும் சனிக்கிழமை எரியோட்டுப் பேருந்தில் ரஃபியா இடம் பிடித்து வைத்திருப்பார், கையில் இலை மடிக்கப் பழைய செய்தித்தாள்களோடு.

நீங்கள் நலத்தோடு நூறாண்டு வாழ வேண்டும், ஐயா. நாங்கள் எரித்ததைத் தேடி முடிக்க அவ்வளவு காலம் ஆகலாம்.

என்றும் உங்கள்,
உயிரியல் துறை ஆசிரியர்கள், ஆய்வகப் பணியாளர்கள்
திண்டுக்கல்