கீழ்ப்பல் சாட்சி

— அந்த வார்த்தையைத் திருப்பி வாங்கிக்கங்க டாக்டர். அதுக்குத்தான் வந்திருக்கேன். வேற எதுக்கும் இல்ல.

— முதல்ல உட்காருங்கம்மா. எந்த வார்த்தை?

— நேத்து என் வீட்டுக்காரர் பாப்பாவை இங்க கூட்டிட்டு வந்தாரே, அப்ப நீங்க சொன்ன வார்த்தை. பால்புட்டிச் சொத்தை. சொல்லிட்டு நீங்க கையைக் கழுவிட்டுப் போயிட்டீங்க. அது எங்க வீட்டுக்குள்ள வந்து என்ன ஆட்டம் ஆடுச்சுன்னு உங்களுக்குத் தெரியாது.

— மேடம், அவ ராத்திரி பூரா தூங்கல, அந்தக் கோவத்துல பேசுறா. மனசுல வச்சுக்காதீங்க. எல்லாம் சரியாப் போயிடும். எந்திரிம்மா, பாப்பா வெளியில தனியா இருக்கா.

— தனியா இல்ல சார். எங்க நர்ஸ் மடியில உட்கார்ந்து பிளாஸ்டிக் பல்லுக்கு பிரஷ் போட்டுட்டு இருக்கா. அவங்க பேசட்டும்.

— பேசத்தான் போறேன். நான் பத்திரிகை ஆபீஸ்ல மெய்ப்புப் பார்க்கிறவ டாக்டர். வாரத்துல மூணு ராத்திரி வேலை. அடுத்தவங்க எழுதுற பிழையைத் திருத்துறதுதான் என் பொழப்பு. ஒருத்தரைப் பத்தி எங்க பேப்பர்ல தப்பா ஒரு வரி வந்துட்டா, மறுநாள் அதே பக்கத்துல வருத்தம்னு போட்டுத் திருத்தம் போடுவோம். பெரிய மனுஷனா இருந்தாலும் சரி, சைக்கிள் திருடனா இருந்தாலும் சரி. உங்க தொழில்ல அந்த வழக்கம் இருக்கா?

— தப்பு இருந்தா இருக்கு.

— இருக்கு. பேர்லயே இருக்கு. பால்னு ஆரம்பிச்சுச் சொத்தைன்னு முடியுது. நடுவுல இருக்கிற புட்டியை எவன் படிக்கிறான்? இவர் செருப்பைக் கழட்டுறதுக்குள்ள இவங்க அக்கா கேட்டாங்க, டாக்டர் என்ன சொன்னாங்கன்னு. பால்னால வந்த சொத்தையாம்னார் இவர். அவ்வளவுதான். ரெண்டரை வயசு வரைக்கும் மாரோட கட்டிக்கிட்டு அலைஞ்சா பல்லு நிக்குமான்னு என் நாத்தனார். நாள்பட்ட பால் பாலே இல்ல, விஷம்னு என் மாமியார். கீழ்வீட்டு அம்மா மாடியேறி வந்து துக்கம் விசாரிக்கிற மாதிரி விசாரிச்சுட்டுப் போனாங்க.

— விஷமா?

— விஷம்தான். அந்த வார்த்தையைச் சொல்லிட்டு, போய் நிம்மதியாத் தூங்கினாங்க. பாப்பா என் மேல ஏறி ஏறி வந்து பால் கேட்டா. நான் சுவத்தைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கிட்டேன். என் பிள்ளை பல்லை நானே அரிச்சுத் தின்னுட்டேனேன்னு இருந்துச்சு. இவர்தான் பக்கத்துல உட்கார்ந்து தலையைத் தடவிக் கொடுத்தார். பிள்ளைக்காகத்தானே, பல்லைக் கடிச்சுக்கிட்டு இருன்னார்.

— சரி விடும்மா. அதையெல்லாம் ஏன் மேடம்கிட்ட... கடையைத் திறக்கணும், நேரமாச்சு.

— உங்க மருந்துக்கடை இன்னைக்குக் கொஞ்சம் லேட்டாத் திறந்தா ஊர்ல யாரும் செத்துட மாட்டாங்க.

— இங்க பாருங்கம்மா. இப்ப எனக்கே கோவம் வருது, உங்க மேல இல்ல. தாய்ப்பால்னால வந்ததுன்னு நான் சொல்லவே இல்ல. சொத்தைன்னா என்னன்னு தெரியுமில்ல? இனிப்பு பல்லுமேல தங்கும். வாயில இருக்கிற கிருமி அதைத் தின்னுட்டுப் புளிப்பை விடும். அந்தப் புளிப்பு பல்லைக் கரைக்கும். முதல்ல ஈறு ஓரமா வெள்ளையா ஒரு கோடு, அப்புறம் பழுப்பு, அப்புறம் கறுப்பு. எல்லாச் சொத்தைக்கும் கதை இதுதான். ஆனா எந்தப் பல்லு முதல்ல போகுது, எந்தப் பல்லு தப்பிக்குதுங்கிறதை வச்சு நாங்க பேர் வைப்போம். பால்புட்டிச் சொத்தைங்கிறது திட்டு இல்ல. அது ஒரு தடம்.

— தடமோ கிடமோ, எங்க வீட்டுல புட்டியே கிடையாது டாக்டர். அவ பொறந்த நாளிலிருந்து புட்டி ரப்பர் அவ வாயில பட்டதில்ல. இதுல எனக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு. நான் வேலைக்குப் போற ராத்திரியில டம்ளர்ல ஊத்திக் கொடுக்கப் பழக்கி வச்சிருக்கேன். அப்படி இருக்கும்போது அந்தப் பேரை என் பிள்ளைக்கு எப்படி வச்சீங்க?

— உங்க கட்டைவிரலைக் கொடுங்க.

— எதுக்கு?

— சோப்பு போட்டுக் கழுவிட்டு வாயில வச்சுக் குழந்தை மாதிரி சப்புங்க. வெக்கப்படாதீங்க, இந்த நாற்காலியில உட்கார்ந்து பெரிய பெரிய ஆளுங்களே அழுதிருக்காங்க. ம்... இப்ப சொல்லுங்க, நாக்கு எங்க இருக்கு?

— கீழ்ப்பல்லுமேல.

— போர்வை போத்தின மாதிரி மூடியிருக்கு, இல்லையா? மேல்பல்லு?

— அது சும்மா திறந்து கிடக்கு.

— அதேதான். புட்டியைச் சப்பிக்கிட்டே தூங்குற பிள்ளைக்கு, இனிப்புத் தண்ணி மேல்வரிசை முன்பல்லு நாலையும் சுத்தித் தேங்கி நிக்கும். தூங்கும்போது எச்சில் ஊறுறதும் குறைவு, கழுவிவிட ஆள் இல்ல. கீழ்ப்பல்லு நாக்குக்கு அடியில பத்திரமா இருக்கும். உங்க பாப்பாவுக்கு மேல நாலும் கறுத்துப் போச்சு. கீழ நாலும் முத்து மாதிரி இருக்கு. நேத்தே பார்த்தேன்.

— தாய்ப்பால் குடிச்சாலும் நாக்கு அங்கதானே இருக்கும்?

— நல்ல கேள்வி. மார்ல குடிக்கும்போது காம்பு வாய்க்குள்ள ஆழமாப் போயிடும், பால் நேரா தொண்டைக்கு இறங்கும். அதுக்காகத் தாய்ப்பால் பல்லுக்கு ஒண்ணுமே பண்ணாதுன்னு நான் சத்தியம் பண்ண மாட்டேன். பல்லு முளைச்ச பிறகு ராத்திரியெல்லாம் குடிச்சா வாயைத் துடைச்சுவிடணும், பிரஷ் பண்ணணும். ஆனா இவ்வளவு வேகமா, இவ்வளவு ஆழமா நாலு பல்லை அது மட்டும் தின்னாது. இதுக்குச் சர்க்கரை வேணும், அதுவும் தூக்கத்துல வேணும்.

— ஒரு நிமிஷம் டாக்டர். அப்ப அந்தப் பேரை மாத்தவாவது கூடாதா? இத்தனை படிச்சவங்க இருக்கீங்களே.

— மாத்தியாச்சும்மா. புதுப் புத்தகத்துல இளங்குழந்தைப் பல்சொத்தைன்னுதான் போடுறாங்க. பழைய பேரைக் கேட்டு ஊர் ஊரா அம்மாக்களைத் திட்டுறாங்கன்னுதான் மாத்தினாங்க. உங்களுக்கு நேத்து நடந்தது உங்களுக்கு மட்டும் நடந்ததில்ல.

— அப்புறம் ஏன் பழசைச் சொன்னீங்க?

— புதுப்பேர் நல்ல பேர். யாரையும் நோகடிக்காது. அதனாலேயே, கேட்கிறவங்க மண்டையை ஆட்டிட்டு வீட்டுக்குப் போய் மறுபடியும் அதே புட்டியை நிரப்புறாங்க. பழைய பேரைச் சொன்னா, கேட்டவுடனே புட்டி பிடிச்ச கை கொஞ்சம் நடுங்கும். நேத்து எனக்கு அந்தக் கைதான் முக்கியமாப் பட்டுது. அந்தக் கை எதிர்லயே உட்கார்ந்திருந்துது. அதுகிட்டதான் சொன்னேன்.

— எந்தக் கை?

— சார், நான் சொல்லட்டுமா, நீங்க சொல்றீங்களா?

— மேடம், அது வந்து... அதையெல்லாம் வீட்டுல நாங்க பேசிக்கிறோம்.

— மென்னு முழுங்காதீங்க. என்னது?

— அம்மா, நேத்து நான் சார்கிட்ட ராத்திரி புட்டியில என்ன கொடுக்குறீங்கன்னு கேட்டேன். புட்டி உண்டான்னு கேட்கல, பல்லைப் பார்த்ததுமே அது தெரிஞ்சு போச்சு. குளுக்கோஸ் தண்ணின்னார். சில நாள் பழச்சாறுன்னார். இனிமே அந்தப் புட்டியைத் தொடாதீங்க, தாய்ப்பாலை நிறுத்தவேண்டிய அவசியமே இல்லன்னு வாசல் வரைக்கும் வந்து சொன்னேன். உங்களுக்கும் தெரிஞ்ச விஷயம்னுதான் நான் நெனச்சேன்.

— ஏங்க.

— இல்லம்மா, நான் சொல்றதைக் கேளு...

— எங்க இருக்கு அந்தப் புட்டி? வீட்டுல ஒரு கரண்டி இடம் மாறினாலும் எனக்குத் தெரியும்.

— ஸ்கூட்டர் டிக்கியில.

— எத்தனை நாளா?

— நீ மறுபடி வேலைக்குப் போக ஆரம்பிச்சதிலிருந்து.

— பாப்பா உங்ககிட்ட மட்டும் அழாமத் தூங்குறாளேன்னு எங்க ஆபீஸ் முழுக்கப் பெருமையாச் சொல்லிட்டுத் திரியுறேன். என்ன கதை சொல்லித் தூங்க வைக்கிறீங்கன்னு கேட்டா, அது அப்பாவுக்கும் பொண்ணுக்கும் ரகசியம்னு சிரிப்பீங்களே. இதுதானா அந்தக் கதை?

— நீயே சொல்லு, நான் என்ன பண்ணுவேன்? நீ அந்தப் பக்கம் படி இறங்குவே, அவ இந்தப் பக்கம் அம்மான்னு ஆரம்பிப்பா. உன் டம்ளரைத் தட்டிவிடுவா. பக்கத்து வீட்டுக்காரன் சுவத்தை இடிப்பான். நாள் பூரா கடையில நின்னுட்டு வந்த கால். நானும் மனுஷன்தானே. கடையில புட்டி தொங்குது, குளுக்கோஸ் அடுக்கி வச்சிருக்கு. ஒருநாள் கொடுத்தேன், தூங்கிட்டா. கெடுதல்னு நெனச்சுக் கொடுப்பேனா மேடம்?

— மருந்துக்கடையில நிக்கிறவர் நீங்க. புட்டி கொடுத்ததை நான் மன்னிச்சுடுவேன். அழுற பிள்ளையோட தனியா இருந்தா யாருக்கும் புத்தி தடுமாறும், அதைச் சொல்லியிருந்தா நான் ஷிப்டையே மாத்திக் கேட்டிருப்பேன். நேத்து சாயங்காலத்துக்கு என்ன பதில்? அத்தனை பேரும் சேர்ந்து என்னைக் கிழிச்சப்ப, நீங்க அந்த நடுக்கூடத்துலதானே நின்னீங்க?

— அக்கா டப்புன்னு கேட்டுட்டா. வாயில முதல்ல வந்தது பால்ங்கிறதுதான். அப்புறம் ஆளாளுக்குப் பேச ஆரம்பிச்சுட்டாங்க, நடுவுல புகுந்து எப்படிச் சொல்றது? ரெண்டு நாள் போனா சரியாப் போயிடும்னு பார்த்தேன்.

— சரியாப் போயிடும். எங்க வீட்டுல குழாய் ஒழுகினாலும் சரியாப் போயிடும், கூரை ஒழுகினாலும் சரியாப் போயிடும். முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைக்கிறவங்களைப் பத்திக் கேள்விப்பட்டிருக்கேன் டாக்டர். இவர் மறைச்சுட்டு, அந்தச் சோத்தை எனக்கே ஊட்டிவிட்டிருக்கார். பாருங்க, நான் காலையில எந்திரிச்சு உங்களைத்தான் உண்டு இல்லைன்னு ஆக்கணும்னு புடவை கட்டினேன்.

— என்கிட்ட வந்ததே நல்லதாப் போச்சும்மா. கேளுங்க, இதுல இன்னும் எதுவும் கைமீறிப் போகல. பல்லுக்கு வழி இருக்கு. சொத்தையைச் சுரண்டிட்டு மேல தொப்பி மாதிரி ஒண்ணு மாட்டிவிடலாம், நிலைப்பல்லு வர்ற வரைக்கும் அது தாங்கும். புட்டி இன்னையோட குப்பைக்கு. திருத்தம் கேட்டீங்கல்ல, உங்க நாத்தனார் நம்பரைக் கொடுங்க, என் வாயாலயே போடுறேன். மாமியார்கிட்டயும் பேசுறேன். ஊர் வாயை மூட உலைமூடி இல்லைம்பாங்க, ஆனா உங்க வீட்டு வாயை என்னால மூட முடியும். தாய்ப்பால் நீங்களும் அவளும் வேணும்கிற வரைக்கும் கொடுங்க. பல்லை மட்டும் துடைச்சுவிடுங்க. அதை யாராவது விஷம்னு சொன்னா இங்க அனுப்புங்க, அவங்க வாயைத் திறந்து என்ன இருக்குன்னு நான் பார்க்கிறேன்.

— பார்த்தியா, மேடமே சொல்லிட்டாங்க. நான்தான் அப்பவே சொன்னேனே, எல்லாம்...

— அந்த வார்த்தையை மட்டும் இப்ப சொல்லாதீங்க.

— வெளியில யார் அழறது? பாப்பாவா? நர்ஸம்மா, உள்ள கூட்டிட்டு வாங்க. பிளாஸ்டிக் பல்லு அலுத்துப் போச்சு போல. வாடா கண்ணு, வா வா. அட, வந்ததும் வராததுமா அம்மா மாரைத்தான் தேடுது. பாவம், ராத்திரியும் குடிக்கல. இந்தத் திரையை இழுத்து விடுறேன், நீங்க இங்கயே உட்கார்ந்து கொடுங்கம்மா. சார், நீங்க கொஞ்சம் வெளியில இருங்க.

— வேணாம் மேடம். வீட்டுக்குப் போய்ப் பார்த்துக்கிறோம். எந்திரிம்மா.

— பிள்ளை கதறுது, வீட்டுக்குப் போய் என்ன பார்க்கப் போறீங்க? ஏம்மா, நீங்களும் கையைக் கட்டிக்கிட்டு உட்கார்ந்திருக்கீங்களே. தாய்ப்பால்மேல ஒரு தப்பும் இல்லன்னு இவ்வளவு நேரம் சொன்னேனே. பிள்ளையை வாங்குங்க.

— நேத்து ராத்திரி பால் வத்துற மாத்திரை போட்டுட்டேன் டாக்டர். இன்னைக்குக் காலையில ரெண்டாவதும் போட்டாச்சு. கடையிலிருந்து எடுத்துட்டு வந்ததும் இவர்தான், தண்ணி மோந்து கையில கொடுத்ததும் இவர்தான்.