கழனித்தண்ணி

அரிசி களைந்த தண்ணீரைச் சாக்கடையில் ஊற்றுகிறவர்களைக் கண்டால் எனக்கு ஆகாது. காய்த்தோல், மிஞ்சிய சோறு, வடித்த கஞ்சி எல்லாம் ஒரு வாளியில் கழனித்தண்ணியாகச் சேர வேண்டும். பேட்டரி வண்டியில் குப்பை வாங்க வருகிற பெண் எங்கள் தெருவில் வீட்டுக்கு வீடு நின்று, மக்கும் குப்பை தனி, மக்காத குப்பை தனி என்று பாடம் நடத்துவாள். என் வாசலில் மட்டும் நிற்க மாட்டாள். என் வாளி நேராக அடுத்த வீட்டு மாரிசெல்வியின் மாட்டுக்குப் போய்விடும் என்பது அவளுக்கும் தெரியும்.

மாரிசெல்வி எனக்கு ரத்த சொந்தம் இல்லை. என் வீட்டுக்காரர் சீனிச்சாமியை அண்ணன் என்பாள், என்னை மதினி என்பாள். விஸ்வநத்தம் பக்கம் ஒரே பட்டாசுக் கம்பெனியில் மூவரும் வேலை பார்த்தோம், ஒரே தூக்குவாளியில் சாப்பிட்டோம். போன தீபாவளி சீசனில் மருந்து கலக்கும் அறை வெடித்தது. அதில் என் வீட்டுக்காரரோடு இன்னும் சிலரும் செத்துப்போனார்கள். விசாரணைக்கு வந்தவர்களிடம் மாரிசெல்வி, "சீனிச்சாமி அண்ணன்தான் அவசரப்பட்டு மருந்தப் போட்டுத் தேய்ச்சாரு. என் கண்ணால பாத்தேன்" என்றாள்.

அந்த நேரத்தில் அவள் வேறு அறையில், என் பக்கத்தில் உட்கார்ந்து திரி செருகிக்கொண்டிருந்தாள். நான் அதைச் சொன்னேன். புருசனுக்குப் பரிந்து பேசுகிறேன் என்றார்கள். "அவதான் கண்ணால பாத்தேன்னு சொல்லுதாளே, பொய்யா சொல்லுவா?" என்று செத்தவர்களின் வீட்டுப் பெண்கள் என் முகத்துக்கு நேரே கேட்டார்கள். கொஞ்ச நாளில் மாரிசெல்வியின் மகன் காளீஸ்வரனுக்கு அதே கம்பெனியில், பட்டாசு மருந்துக்குச் சேர்க்கிற வெடியுப்புக் குடோனில் வேலை கிடைத்தது. பழி போட்டது யாரோ என்றால் பொறுத்திருப்பேன். என் கையால் சோறு வாங்கித் தின்றவள் அவள்.

எங்கள் பக்கத்தில் இரண்டு வீட்டுக்குப் பகை வந்தால் முதலில் நிற்பது கழனித்தண்ணிதான். வாளி வரவில்லை என்றால் தெருவுக்கே விஷயம் தெரிந்துவிடும். நான் நிறுத்தவில்லை. சின்னத்தாய்க்குப் பெரிய மனசு என்று என்னைப் பற்றித் தெருவில் பேசிக்கொண்டார்கள். மாரிசெல்வி வாளியை வாங்கும்போது கண்கலங்குவாள்.

இப்போது நான் போகிற கம்பெனியிலும் வெடியுப்பு உண்டு. முந்தானையில் முடிந்து கொண்டுவந்தேன். மாடு சினையாக இருந்தது. வாளிக் கைப்பிடி சத்தம் கேட்டாலே எழுந்து நிற்கும். அன்றைக்கும் எழுந்து நின்றது, வாளியை நக்கித் துடைத்துவிட்டுத்தான் தலையை எடுத்தது. மதியத்துக்குள் படுத்துவிட்டது. பார்க்க வந்த மாட்டு டாக்டர், வெடியுப்பு உள்ளே போயிருக்கிறது என்றார்.

மாரிசெல்வி என் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மகனைத்தான் பார்த்தாள்.

"குடோன் சட்டையோட தொழுவுக்குள்ள போனியாலே?"

"இல்லம்மா."

"பொய் சொல்லாதலே. நீ தீவனத் தொட்டிகிட்ட நின்னு சட்டைய உதறுனத என் கண்ணால பாத்தேன்."

இதை நான் எதிர்பார்க்கவில்லை, இன்ஸ்பெக்டர் அம்மா. மாடு போனால் போதும் என்றுதான் நினைத்தேன். சினை மாட்டைக் கொன்ற பாவி என்று அவள் தெருவில் நின்று அவனை ஏசினாள். ஊரும் சேர்ந்துகொண்டது. சாயங்காலம் அவன் என் வீட்டுக்கு வந்தான்.

"அத்தை, நான் கம்பெனியிலயே குளிச்சு, துணி மாத்திட்டுத்தான் வருவேன். சத்தியமா நான் தொழுவுப் பக்கமே போகல. நீங்களாச்சும் அம்மாட்ட சொல்லுங்க."

குடிக்கத் தண்ணீர் கொடுத்தேன். "உங்கம்மாதான் கண்ணால பாத்தேன்னு சொல்லுதாளேப்பா. அவ பொய்யா சொல்லுவா?" என்றேன்.

அவன் தம்ளரைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் முகத்தில் ஓடியது எனக்கு நன்றாகவே தெரிந்த ஒன்று. விசாரணை நடந்த நாளில் என் முகமும் அப்படித்தான் இருந்திருக்கும். அவன் எழுந்து போன விதத்தைப் பார்த்து, என்ன செய்யப் போகிறான் என்று எனக்குத் தோன்றாமல் இல்லை. கூப்பிடவில்லை. விடிந்ததும் தண்டவாளத்தில் கிடக்கிறான் என்று ஆட்கள் வந்து சொன்னார்கள். மாரிசெல்வி என் மடியில்தான் விழுந்து அழுதாள், நான்தான் அவள் தலையைத் தடவிக் கொடுத்தேன்.

மாட்டுக்கு வெடியுப்பு வைத்தது நான். ஒரு வார்த்தை சொன்னால் பையன் பிழைப்பான் என்று தெரிந்தும் வாயை மூடிக்கொண்டிருந்தது நான். இரண்டையும் எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் அவளையும் என்னையும் ஒரே தட்டில் வைத்துவிடாதீர்கள், அம்மா. அவள் பொய் சொன்னாள். நான் யார் மேலும் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை.